திறன்பேசி மீட்பும் காப்புப் படியும்

நுழையும்முன்

பாறசாலை, நெய்யாற்றின்கரைப் பகுதிகளில் வாழும் தமிழ்க் குடும்பங்கள் பல, சொந்த ஊரில் இருக்கும் உறவினரோடு நாள்தோறும் உறவாடுவது திறன்பேசியின் வழியாகத்தான். பாட்டியின் குரல், திருவிழா ஒளிப்படம், மாமாவின் தொலைபேசி எண் ஆகிய அனைத்தும் அச்சிறு கருவிக்குள் அடங்கியுள்ளன. அக்கருவி ஒருநாள் இயங்காமல் நின்றுவிட்டால் எதை மீட்க முடியும்? எதை மீட்க முடியாது? மீட்பதற்கு முன்னரே நாம் செய்ய வேண்டியது என்ன? இவற்றை இப்பாடத்தில் காண்போம்.

ஒரு வீட்டின் நிலை

மாணவர்களே, ஒரு வீட்டை எண்ணிப் பாருங்கள். பாறசாலை தொடர்வண்டி நிலையத்திற்கு அருகில் ஒரு வாடகை வீடு. தந்தை கட்டடத் தொழிலாளர். குடும்பத்தின் சொந்த ஊர் தென்காசிப் பக்கம். சென்ற பொங்கலுக்கு ஊருக்குச் சென்றபோது, ஆச்சி சொன்ன கதைகளை அம்மா தம் திறன்பேசியின் ஒலிப்பதிவுச் செயலியில் பதிவு செய்து வந்தார். ஆடி மாதத்தில் ஆச்சி காலமானார். அதன்பிறகு, மலையாளம் ஒலிக்கும் தெருவில் வளரும் அவ்வீட்டுச் சிறுமி, இரவில் உறங்கும்முன் அக்கதைகளைக் கேட்பது வழக்கமாயிற்று. அவளுக்குத் தமிழ் கற்பித்த முதல் நூல் அக்குரலே எனலாம்.

ஐப்பசி மழை இடியுடன் பெய்த ஓர் இரவுக்கு மறுநாள், திறன்பேசி முழுமையாகத் திறக்கவில்லை. நிறுவனத்தின் சின்னம் மட்டும் திரையில் தோன்றி மறைந்து, மீண்டும் தோன்றியது. களியக்காவிளைச் சாலையில் இருந்த பழுதுபார்க்கும் கடைக்கு அம்மா அதை எடுத்துச் சென்றார். கடைக்காரர் பார்த்துவிட்டு, “ரீசெட் செய்தால் சரியாகிவிடும், அக்கா. ஆனால் உள்ளே இருப்பதெல்லாம் போய்விடும்” என்றார்.

அம்மா திறன்பேசியைத் திரும்ப வாங்கிக்கொண்டார். அவர் அவ்வாறு செய்தது சரிதானா? இதனை அறிய, திறன்பேசியின் உள்ளமைப்பை முதலில் அறிய வேண்டும்.

கருவி வேறு, தரவு வேறு

திறன்பேசியின் சேமிப்பகம் பல பகுதிகளாகப் பிரிக்கப்பட்டுள்ளது. அவற்றுள் மூன்று இன்றியமையாதவை.

முதற்பகுதியில் இயங்குதளம் உள்ளது. ஆண்ட்ராய்டு இத்தகைய இயங்குதளமாகும். திரையை ஒளிரச் செய்வதும், செயலிகளை இயக்குவதும், அழைப்பை இணைப்பதும் இதன் பணி.

இரண்டாம் பகுதியில் பயனர் தரவு உள்ளது. நாம் எடுத்த படம், பதிவு செய்த ஒலி, எழுதிய குறிப்பு, நிறுவிய செயலி ஆகியன இங்கு இருக்கும்.

மூன்றாம் பகுதியில் மீட்பு நிரல் என்னும் சிறு நிரல் உள்ளது. இயங்குதளம் திறக்க இயலாதபோதும் இது தனியே இயங்க வல்லது. கடைக்காரர்கள் ‘ரெக்கவரி மோடு’ என்று சொல்வது இதனையே.

இப்பிரிவினை மனத்தில் இருத்துங்கள். வீட்டின் சுவரைச் செப்பனிடுவது வேறு. வீட்டினுள் இருந்த பொருள்களைக் காப்பது வேறு. மீட்பு நிரல் சுவரைச் செப்பனிடும். பொருள்களைத் திரும்பத் தருவது அதன் வேலையன்று. அவை வேறோர் இடத்தில் படியாக இருந்தால் மட்டுமே திரும்பக் கிடைக்கும்.

மென்மையான வழி முதலில்

பழுது நேர்ந்தவுடன் கடுமையான வழியைக் கைக்கொள்ளுதல் கூடாது. தரவுக்குத் தீங்கு செய்யாத வழிகளை முதலில் முயன்று, அவை பயனளிக்காதபோதே அடுத்த படிநிலைக்குச் செல்ல வேண்டும்.

முதலாவது, மின்னேற்றம். மின்கலம் முற்றிலும் வற்றியிருந்தாலும் சின்னம் மட்டும் தோன்றி மறையும். வேறொரு மின்னேற்றியைக் கொண்டு அரைமணி நேரம் மின்னேற்றிப் பார்க்க வேண்டும். கருவி மழையில் நனைந்திருந்தால் மின்னேற்றுதல் கூடாது. அணைத்து, துடைத்து, உலரவிட்டுப் பழுதுபார்ப்பவரிடம் காட்ட வேண்டும்.

இரண்டாவது, கட்டாய மறுதொடக்கம். இயக்குப் பொத்தானைச் சில நொடிகள் விடாமல் அழுத்தினால், உறைந்து நின்ற கருவி அணைந்து மீண்டும் தொடங்கும். சில கருவிகளில் ஒலியளவுப் பொத்தானையும் சேர்த்து அழுத்த வேண்டும். இதனால் சேமித்த தரவு எதுவும் அழியாது.

மூன்றாவது, பாதுகாப்பான பயன்முறை. இம்முறையில் திறன்பேசியுடன் வந்த அடிப்படைச் செயலிகள் மட்டுமே இயங்கும். நாம் பின்னர் நிறுவியவை இயங்கா. கருவி இம்முறையில் ஒழுங்காக இயங்கினால், அண்மையில் நிறுவிய ஒரு செயலியே பழுதுக்குக் காரணம் என அறியலாம். அதனை நீக்கிவிட்டால் சிக்கல் தீரும்.

நான்காவது, மீட்பு நிரல். கருவியை அணைத்துவிட்டு, இயக்குப் பொத்தானையும் ஒலிகூட்டும் பொத்தானையும் ஒருங்கே அழுத்தினால் பல கருவிகளில் மீட்பு நிரலின் பட்டியல் தோன்றும். பொத்தான்களின் சேர்க்கை கருவிக்குக் கருவி மாறும். அப்பட்டியலில் மூன்று தெரிவுகளைக் கவனிக்க வேண்டும். ஒன்று, மீண்டும் தொடங்குதல். மற்றொன்று, தற்காலிகக் கோப்புகளை மட்டும் துடைத்தல். இது சில கருவிகளில் மட்டுமே இருக்கும். படங்களையும் ஒலிகளையும் தொடாது. மூன்றாவது, எல்லாத் தரவையும் அழித்தல். இரண்டாவதும் மூன்றாவதும் பட்டியலில் அடுத்தடுத்து இருக்கக்கூடும். ஆகவே ஒவ்வொரு சொல்லையும் படித்த பின்னரே தெரிவு செய்ய வேண்டும்.

ஐந்தாவது, நிறுவனத்தின் பழுதுபார்ப்பு நிலையம். அங்கே சில வேளைகளில் தரவை அழிக்காமல் இயங்குதளத்தை மட்டும் மீண்டும் நிறுவ இயலும். கருவியை ஒப்படைக்கும்முன், “இவ்வேலையால் உள்ளே இருக்கும் தரவு அழியுமா?” என்று கேட்பது நமது கடமை.

தொழிற்சாலை மீளமைப்பு

மேற்கூறிய எவ்வழியும் பயன்தராதபோது எஞ்சுவது தொழிற்சாலை மீளமைப்பு. மக்கள் வழக்கில் ‘ரீசெட்’ எனப்படுவது இதுவே. இது பயனர் தரவுப் பகுதியை முழுமையாக அழித்து, வாங்கிய நாளில் இருந்த நிலைக்குக் கருவியைக் கொண்டுசெல்கிறது.

‘அழிந்ததை மீட்டுத் தருவோம்’ என்று விளம்பரம் செய்யும் மென்பொருள்களை இந்நிலையில் நம்புதல் தவறு. இக்காலத் திறன்பேசிகளில் தரவு மறைகுறியாக்கம் செய்யப்பட்டே சேமிக்கப்படுகிறது. அதாவது, ஒரு திறவுகோல் இன்றிப் படிக்க இயலாத வடிவில் எழுதப்படுகிறது. 2019ஆம் ஆண்டில் வெளிவந்த ஆண்ட்ராய்டு 10 முதல், புதிதாக வெளியாகும் கருவிகளுக்கு இது கட்டாயமாக்கப்பட்டது. மீளமைப்பின்போது அத்திறவுகோல் அழிக்கப்படுகிறது. பூட்டிய பெட்டியின் சாவியை உருக்கிவிட்ட பிறகு பெட்டியைத் தேடி என்ன பயன்?

மேலும் ஒரு தடை உண்டு. மீட்பு நிரலின் வழியாக மீளமைத்த கருவி, முன்பு அதில் பயன்படுத்திய கூகுள் கணக்கையும் கடவுச்சொல்லையும் கேட்கும். திருடியவர் அழித்துப் பயன்படுத்துவதைத் தடுக்க 2015ஆம் ஆண்டில் ஆண்ட்ராய்டு 5.1 பதிப்பில் இந்த ஏற்பாடு கொண்டுவரப்பட்டது. கடையில் யாரோ தொடங்கிக் கொடுத்த கணக்கின் பெயரையே அறியாதவர்கள் தம் கருவியையே திறக்க இயலாமல் நிற்கின்றனர். எனவே கணக்கின் பெயரையும் கடவுச்சொல்லையும் ஒரு குறிப்பேட்டில் எழுதி, பாதுகாப்பாக வீட்டில் வைத்தல் நன்று.

எது எங்கே இருக்கிறது?

‘பேக்கப் போட்டிருக்கிறது’ என்று பலரும் சொல்வர். எதன் காப்புப் படி எங்கே இருக்கிறது என்று கேட்டால் விடை கூறத் தடுமாறுவர். காப்புப் படி ஒன்றன்று, பல. ஒவ்வொன்றையும் தனித்தனியே சரிபார்க்க வேண்டும்.

தொடர்பு எண்கள்: இவை கூகுள் கணக்கில் சேமிக்கப்பட்டிருந்தால், அக்கணக்கைப் புதிய கருவியில் திறந்தவுடன் திரும்பி வரும். கருவியில் மட்டும் சேமித்த எண்கள் வாரா.

ஒளிப்படங்கள்: கூகுள் போட்டோஸ் செயலியில் காப்பினை இயக்கியிருந்தால் படங்கள் கணக்கில் இருக்கும். ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். காப்புப் பெற்ற படத்தை அச்செயலியில் அழித்தால் கணக்கில் உள்ளதும் குப்பைத்தொட்டிக்குச் செல்லும். 60 நாள்களுக்குப் பின் முற்றாக மறையும். ஒருங்கே அழியும் இரண்டு படிகளை இரண்டாகக் கொள்ள இயலாது.

கருவியின் அமைப்புகள்: செயலிகளின் பட்டியல், குறுஞ்செய்தி, அழைப்புப் பதிவு முதலியன கூகுள் காப்பில் அடங்கும். ஆண்ட்ராய்டு 9 முதல் இக்காப்பு, பழைய கருவியின் திரைப்பூட்டு எண்ணால் பூட்டப்படுகிறது. அவ்வெண்ணை மறந்தால் காப்பு இருந்தும் பயனில்லை. கருவியை 57 நாள்கள் பயன்படுத்தாதிருந்தால் இக்காப்பு நீக்கப்படவும் கூடும்.

வாட்ஸ்அப் உரையாடல்கள்: இச்செயலிக்குத் தனிக் காப்பு உண்டு. அதனை மீட்க, பழைய தொலைபேசி எண்ணும் பழைய கூகுள் கணக்கும் வேண்டும். எல்லைப்புறத்தில் வாழும் நமக்கு இது மிகவும் முக்கியம். ஊர் மாறும்போது தமிழ்நாட்டுச் சிம் அட்டையை எறிந்துவிட்டுக் கேரளத்தில் புதியது வாங்குவோர் பலர். அவ்வாறு செய்யும்முன், செயலியில் உள்ள எண் மாற்றும் வசதியைப் பயன்படுத்த வேண்டும். காப்பிற்குத் தனிக் கடவுச்சொல் அமைத்து அதனை மறந்துவிட்டால், அந்நிறுவனத்தாலும் அதைத் திறந்து தர இயலாது.

ஒலிப்பதிவுச் செயலியின் பதிவுகள்: பல கருவிகளில் இவை மேற்கூறிய எந்தக் காப்பிலும் சேர்வதில்லை. நாமே கையால் படியெடுத்தால்தான் உண்டு.

இவையெல்லாம் இலவசக் கூகுள் கணக்கிற்குரிய 15 ஜிபி இடத்துக்குள் அடங்க வேண்டும். இடம் நிரம்பிவிட்டால் காப்பு ஓசையின்றி நின்றுவிடும். ஆகவே கடைசியாகக் காப்பு எடுத்த நாள் எது என்று அமைப்புகளில் அவ்வப்போது பார்த்தல் வேண்டும்.

அவ்வீட்டில் மீண்டவை

பாறசாலை வீட்டிற்குத் திரும்புவோம். பத்தாம் வகுப்பில் பயிலும் அண்ணன் முதல் நான்கு வழிகளையும் ஒவ்வொன்றாக முயன்றான். பயனில்லை. நிறுவனத்தின் பழுதுபார்ப்பு நிலையத்திலும் வேறு வழியில்லை என்று கூறிவிட்டனர். அம்மா ஒப்புக்கொண்டபின் கருவி மீளமைக்கப்பட்டது.

கணக்கைத் திறந்தவுடன் தொடர்பு எண்கள் வந்தன. ஒளிப்படங்கள் வந்தன. எண் மாறாததால் வாட்ஸ்அப் உரையாடல்களும், அவற்றில் ஆச்சி அனுப்பியிருந்த சிறு குரல் செய்திகளும் வந்தன. ஆனால் ஒலிப்பதிவுச் செயலி வெறுமையாக இருந்தது. பதினொரு கதைகளும் மறைந்துபோயின.

செய்தியைக் கேட்ட மாமா, சென்னையிலிருந்து அன்றிரவே அழைத்தார். பொங்கலன்று அவர் தம் மடிக்கணினியில் இரண்டு கதைகளைப் படியெடுத்துக் கொண்டிருந்தார். அவ்விரண்டும் திரும்பி வந்தன. மற்ற ஒன்பதும் வரவில்லை.

இதிலிருந்து நாம் அறிவது யாது? ஓரிடத்தில் மட்டும் காத்து வைத்தவை அழிந்தன; வேறோர் இடத்திலும் இருந்தவை பிழைத்தன. அம்மா அவசரப்படாமல் மற்ற வழிகளை முயலச் செய்தது சரியே. ஆயினும் அந்த ஒன்பது கதைகளைக் காத்திருக்கக்கூடிய நாள், கருவி பழுதான நாளன்று. அதற்கு முந்தைய ஏதேனும் ஒரு நாள்.

படியெடுத்தல் பழைய வழக்கம்

படியெடுத்துக் காத்தல் நம் முன்னோர்க்குப் புதிதன்று. ஓலைச்சுவடி செல்லரித்தும் ஒடிந்தும் அழியும் இயல்புடையது. ஆகவே பழைய ஏட்டைப் பார்த்துப் புதிய ஏட்டில் எழுதிக்கொண்டே வந்தனர். உ.வே.சாமிநாதையர் 1887இல் சீவக சிந்தாமணியையும் 1892இல் சிலப்பதிகாரத்தையும் 1894இல் புறநானூற்றையும் பதிப்பித்தபோது, ஊர் ஊராகச் சென்று பல சுவடிகளைத் திரட்டி ஒப்பிட்டார். ஒன்றில் சிதைந்த பகுதியை மற்றொன்று காட்டியது. படியெடுக்கப்படாத நூல்கள் பல, பெயரளவில் மட்டுமே நமக்குத் தெரிகின்றன.

நம் அருகிலேயே ஒரு சான்று உண்டு. எல்லைக்கு அப்பால், கன்னியாகுமரி மாவட்டத்து முஞ்சிறைக்கு அருகில் பார்த்திவபுரம் என்னும் ஊர் உள்ளது. ஆய் மன்னன் கருநந்தடக்கன் 9ஆம் நூற்றாண்டில் அங்கே ஒரு கோயிலையும், 95 மாணவர் பயிலும் சாலை ஒன்றையும் அமைத்தான். அச்செய்தி செப்பேட்டில் பொறிக்கப்பட்டது. பிற்காலத்தில் அச்செப்பேடு திருவனந்தபுரத்தில் அரசு அலுவலகத்தில் காக்கப்பட்டது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் திருவிதாங்கூர் தொல்லியல் வரிசையில் அதன் வாசகம் அச்சாயிற்று. இன்று செப்பேட்டைக் காணாமலே, நூலகத்தில் அதன் வாசகத்தைப் படிக்கலாம். செம்பும் அழியக்கூடும், பல இடங்களில் உள்ள படிகள் ஒருங்கே அழிவது அரிது.

கேரளத்தில் 2018ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் பெருவெள்ளம் நேர்ந்தபோது, பல வீடுகளில் சான்றிதழ்களும் பத்திரங்களும் நீரில் ஊறிப் போயின. அரசு அலுவலகங்களின் கணினிப் பதிவில் இருந்தவற்றுக்கு மீண்டும் படி வழங்க முடிந்தது. 2015இல் தொடங்கப்பட்ட டிஜிலாக்கர் என்னும் அரசின் மின்பேழையும் இத்தகைய தேவைக்கு உதவுவதே.

மூன்று, இரண்டு, ஒன்று

காப்புப் படிக்கு எளிய விதி ஒன்றைக் கணினியறிஞர்கள் கூறுவர். முக்கியமான தரவுக்கு மூன்று படிகள் வேண்டும். அவை இரண்டு வகையான சேமிப்பில் இருக்க வேண்டும். அவற்றுள் ஒன்று வீட்டிற்கு வெளியே இருக்க வேண்டும். அமெரிக்க ஒளிப்படக் கலைஞர் பீட்டர் குரோக் இவ்விதியைப் பரப்பினார்.

நம் வீட்டிற்கு இதனைப் பொருத்திப் பார்ப்போம். ஆச்சியின் குரல் திறன்பேசியில் இருப்பது ஒன்று. அதனைப் பென்டிரைவில் படியெடுத்தால் இரண்டு. கூகுள் கணக்கிலோ, ஊரிலுள்ள மாமாவின் கணினியிலோ வைத்தால் மூன்று. உறவினர் வெவ்வேறு ஊர்களில் வாழ்வது நமக்குப் பிரிவைத் தருகிறது. ஆனால் படிகளைக் காக்க அதுவே துணையாகிறது.

இறுதியாக ஒன்று. எடுத்த படியைத் திறந்து பார்க்க வேண்டும். திறந்து பார்க்காத காப்புப் படியை நம்புதல், பால் உள்ளதா என்று பாராமல் உறியை நம்புவதற்கு ஒப்பாகும். மாதம் ஒருமுறை, ஒரு படத்தையும் ஓர் ஒலியையும் வேறொரு கருவியில் திறந்து கேட்டுப் பாருங்கள். அன்று கேட்கும் குரல், பின்னொரு நாளும் கேட்கும்.

சொல்பொருள்

திறன்பேசி – ஸ்மார்ட்போன்
காப்புப் படி – இழப்பு நேர்ந்தால் பயன்படுமாறு எடுத்து வைக்கும் நகல்
மீளமைப்பு – பழைய தொடக்க நிலைக்குக் கொண்டுசெல்லுதல்
மறைகுறியாக்கம் – திறவுகோலின்றிப் படிக்க இயலாதவாறு மாற்றி எழுதுதல்
செப்பேடு – அரசாணையைப் பொறித்த செப்புத் தகடு
உறி – பால், தயிர்ப் பானைகளை வைத்துத் தொங்கவிடும் கயிற்றுத் தாங்கி

வினாக்கள்

1. திறன்பேசியின் சேமிப்பகத்தில் உள்ள மூன்று பகுதிகள் யாவை? ஒவ்வொன்றின் பணியையும் எழுதுக.
2. தொழிற்சாலை மீளமைப்பிற்குமுன் முயல வேண்டிய ஐந்து வழிகளை வரிசைப்படி கூறுக.
3. மீளமைத்த கருவியிலிருந்து தரவை ஏன் மீட்க இயலாது?
4. சிம் அட்டையை மாற்றும் குடும்பத்தினர் வாட்ஸ்அப் காப்பைப் பொறுத்தவரை கவனிக்க வேண்டியது என்ன?
5. பார்த்திவபுரம் செப்பேட்டுக்கும் ஆச்சியின் இரண்டு கதைகளுக்கும் உள்ள ஒற்றுமையை ஐந்து வரிகளில் விளக்குக.

செயல்பாடு

உங்கள் வீட்டுப் பெரியவர் ஒருவரிடம் அவருடைய ஊர்க் கதை ஒன்றைச் சொல்லச் சொல்லிப் பதிவு செய்க. அதற்கு மூன்று படிகள் எடுத்து, எவை எங்கே உள்ளன என்பதை அட்டவணையாக எழுதுக. பின்னர் அக்கதையைக் கேட்டு, உங்கள் கையெழுத்தில் தமிழில் எழுதி வருக. அது நான்காவது படியாகும்.